கதைதானே என்றார்கள்!

(இரண்டாமாண்டு இளம் அறிவியல், இயற்பியல்)

இவ்வாண்டு நம் கல்லூரித் தமிழ் மன்றத்தில் நடந்த பட்டிமன்றத்தை நண்பர்கள் மறந்திருக்க மாட்டார்கள். "துப்பறியும் கதைகள் இலக்கியமாகுமா?" என்பது தலைப்பு. ஆகும் என்ற அணியில் மூன்றாவதாகப் பேசியவன் நான். எழுத்தாளர் சுஜாதாவின் 'என் இனிய இயந்திரா' என்ற நாவலைச் சான்றாகக் காட்டி ஐந்து நிமிடம் பேசினேன். முன்வரிசையில் சிரிப்பொலி எழுந்தது. "நாய் பேசுமே, அந்தக் கதையா?" என்று ஒரு குரல் கேட்டது. நடுவர் தீர்ப்புக் கூறுகையில், "துப்பறியும் கதையே பொழுதுபோக்கு, அதில் விஞ்ஞானமும் சேர்ந்துவிட்டால் கேட்க வேண்டியதில்லை. பேருந்தில் படிக்கலாம், இறங்கும்போது மறந்துவிடலாம், கதைதானே!" என்றார். அவை கைதட்டியது. நாங்கள் தோற்றோம்.

தோற்றதில் எனக்கு வருத்தம் இல்லை. எதிரணித் தோழர்கள் நன்றாகவே பேசினார்கள். ஆனால் சொல்ல வேண்டிய ஒன்றைச் சொல்லாமலே மேடையை விட்டு இறங்கிவிட்டேனே என்பதுதான் வருத்தம். அத்தனை பேர் முன்னிலையில் அதைச் சொல்ல எனக்கு நா எழவில்லை. ஏனெனில் அது என் ஆயாவைப் பற்றியது. ரேஷன் அரிசியைப் பற்றியது. எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். வீட்டுக் கதையை மேடையில் விரிக்கும் துணிவு இன்னும் வரவில்லை. தாளில் எழுதுவது சற்று எளிது. ஆகவே மலர்க் குழுவினர் அளித்த இப்பக்கங்களில் என் வாதத்தை முடிக்க முயல்கிறேன்.

நாவல் சொல்லும் கதை

படிக்காதவர்களுக்காகக் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1980-களில் ஆனந்த விகடனில் தொடராக வெளிவந்த நாவல் இது. கதை நடக்கும் ஆண்டு 2021. எழுதப்பட்ட காலத்தில் அஃது எதிர்காலம். நமக்கோ கடந்த காலம். இந்தியாவை ஜீவா என்னும் சர்வாதிகாரி ஆள்கிறான். குடிமக்கள் எல்லோருக்கும் எண் உண்டு. பெயரும் உண்டு, ஆனால் இரண்டெழுத்துக்கு மேல் கூடாது. பிள்ளை பெறுவதற்கு அரசின் அனுமதி வேண்டும். எத்தனை வயது வரை உயிரோடு இருக்கலாம் என்பதுகூட அரசின் கணக்கு.

இத்தகைய நாட்டில் நிலா என்றொரு பெண்; சிபி அவள் கணவன். ரவி என்பவன் ஜீனோ என்னும் இயந்திர நாயுடன் அவர்கள் வீட்டில் தங்க வருகிறான். சிபி காணாமற் போகிறான். நிலா அவனைத் தேடிப் புறப்படுகிறாள். காணாமற்போன ஒருவரைத் தேடுவது என்பது பழைய துப்பறியும் கதைகளின் முதல் அத்தியாயம் அன்றோ? அங்கே தொடங்கி, தேடல் ஆட்சிபீடம் வரை போய்விடுகிறது.

முடிவைச் சொல்வதற்கு மன்னிக்க வேண்டும்; சொல்லாவிட்டால் என் வாதம் நகராது. ஜீவா என்று ஓர் ஆளே இல்லை. நாடு முழுவதும் கண்டு நடுங்கிய அந்த உருவம் ஒரு 'ஹோலோகிராம்', அதாவது ஒளியால் ஆன முப்பரிமாணப் பிம்பம். அப்பிம்பத்தின் குட்டு வெளிப்பட்ட பின்னாவது மக்களுக்கு விடிவு வந்ததா என்றால், இல்லை. நிலாவையே அரசியாக நிறுத்துகிறார்கள். அதிகாரம் வேறு கைகளில் இருக்கிறது. பிம்பம் போய் முகம் வந்தது, அவ்வளவே. அதன் தொடர்ச்சிதான் 'மீண்டும் ஜீனோ'.

ஹோலோகிராம் என்பது கதாசிரியரின் கற்பனைச் சரக்கன்று. டென்னிஸ் கேபர் என்னும் விஞ்ஞானி 1947-ல் கண்ட முறை அது; அதற்காக 1971-ல் அவர் நோபல் பரிசு பெற்றார். சாதாரணப் புகைப்படம் ஒளியின் பிரகாசத்தை மட்டுமே பதிவு செய்கிறது. ஹோலோகிராம் ஒளி அலையின் கட்டத்தையும் சேர்த்துப் பதிவு செய்கிறது. ஆகவே பிம்பத்துக்கு ஆழம் கிடைக்கிறது. இதில் ஒரு விந்தை உண்டு. புகைப்படத்தைக் கிழித்தால் பாதி முகம்தான் மிஞ்சும். ஹோலோகிராம் தகட்டை உடைத்தாலோ, ஒவ்வொரு துண்டிலும் சற்று மங்கலாக முழு உருவமும் தெரியும். இதை வகுப்பில் படித்தபோது, அரசாங்க அலுவலகங்களில் ஒரு மேசையிலிருந்து இன்னொரு மேசைக்கு அலைந்த அனுபவம் எனக்கு நினைவுக்கு வந்தது. எந்த மேசையிலும் அதே பதில்! அந்த அனுபவத்துக்குப் பிறகு வருகிறேன்.

விருதும் வெளியுலகும்

இத்தகைய கதைகளை உலகம் எப்படி மதிக்கிறது என்று முதலில் பார்ப்போம். இங்கிலாந்தில் சிறந்த அறிவியல் புனைகதைக்கென்று ஆர்தர் சி. கிளார்க் பெயரால் ஒரு விருது ஆண்டுதோறும் வழங்கப்படுகிறது. 1997-ல் அவ்விருதைப் பெற்றவர் நம் நாட்டு எழுத்தாளர் அமிதவ் கோஷ். நூல் 'கல்கத்தா குரோமோசோம்'. எதிர்கால நியூயார்க்கில் ஒருவன் கணினியின் முன் அமர்ந்திருக்கிறான். பழைய அடையாள அட்டை ஒன்று அவன் கண்ணில் படுகிறது. அது 1995-ல் கல்கத்தாவில் காணாமற்போன ஒருவனுடையது. அவன் பெயர் முருகன்! மலேரியா ஆராய்ச்சிக்காக 1902-ல் நோபல் பரிசு பெற்ற ரொனால்டு ராஸின் கண்டுபிடிப்புக்குப் பின்னால் வேறு யார் இருந்தார்கள் என்று தேடிப்போனவன் அவன். அண்மையில், 2017-ல், பிரயாக் அக்பர் எழுதிய 'லெய்லா' வந்தது. மதில்களால் பிரிக்கப்பட்ட எதிர்கால நகரத்தில் பறிகொடுத்த மகளைத் தேடும் தாயின் கதை. அதற்கும் கிராஸ்வேர்ட் விருது கிடைத்தது.

மூன்று நாவல்களையும் அடுத்தடுத்து வைத்துப் பாருங்கள். மூன்றிலும் ஒருவர் காணாமற் போகிறார், இன்னொருவர் தேடுகிறார். காலம் மட்டும் நாளைய காலம். இவற்றில் இரண்டு, விருது பெற்று ஆங்கில இலக்கிய மேடையில் அமர்ந்துவிட்டன. தமிழில் அவற்றுக்கு முன்பே வந்த நாவலை நாம் பேருந்தில் மறந்துவிட்டு இறங்குகிறோம். சுஜாதாவுக்கு அறிவியலை எழுத்தின் வழியே மக்களிடம் கொண்டு சென்றமைக்காக 1993-ல் மைய அரசின் அறிவியல் தொழில்நுட்பத் தொடர்பு மன்றத்தின் விருது கிடைத்தது உண்மை. ஆனால் அது அறிவியலுக்குக் கிடைத்த மரியாதை. அவர் கதைகளுக்குச் சாகித்திய அக்காதெமி விருது 2008-ல் அவர் மறையும் வரை கிடைக்கவேயில்லை.

"இதெல்லாம் மேனாட்டுச் சரக்கு" என்று எதிரணித் தோழர் ஒருவர் கூறினார். ஓரளவு உண்மைதான். பெயருக்குப் பதில் எண்ணைச் சுமக்கும் மக்களை ருஷ்ய எழுத்தாளர் ஸமியாத்தின் 1920-களிலேயே 'நாம்' என்ற நாவலில் காட்டிவிட்டார். எங்கும் நிறைந்த சர்வாதிகாரியின் முகத்தை ஜார்ஜ் ஆர்வெல் 1949-ல் '1984' நாவலில் காட்டினார். நம் நாவலில் குறைகளும் உண்டு. வாரப் பத்திரிகைத் தொடர் ஆதலால் ஒவ்வொரு அத்தியாயமும் ஒரு திடுக்கிடலில் முடிந்தாக வேண்டியிருக்கிறது. பாத்திரங்களோடு ஆற அமர இருக்க ஆசிரியருக்கு நேரமில்லை. இவற்றை நான் மறுக்கவில்லை. இத்தனைக்குப் பிறகும் அந்நாவல் என்னை விடாததற்கு ஒரு காரணம் உண்டு. அந்தக் காரணம்தான் நான் மேடையில் சொல்லாமல் விட்டது.

ஆயாவின் விரல்

எங்கள் ஊர் செம்பரம்பாக்கம். என் ஆயாவுக்கு எழுபது வயதுக்கு மேல் ஆகிறது. சரியான வயது அவளுக்கே தெரியாது. இளமையில் ஏரித் தண்ணீர் பாய்ந்த கழனிகளில் நடவும் களையெடுப்புமாக வேலை செய்தாள். கழனிகள் மனைகளாக மாறிய பின் செங்கல் சூளைக்குப் போய், நடக்க முடிந்த காலம் வரை கல் அறுத்தாள். மண்ணும் மணலும் குழைத்துக் குழைத்து அவள் விரல் நுனிகள் கூழாங்கல்லைப் போல் வழவழப்பாகிவிட்டன. தாத்தா இறந்தபின் அவளுக்குத் தனிக் குடும்ப அட்டை. அதில் அவள் பெயர் ஒன்றே. எங்கள் வீட்டை ஒட்டிய ஓர் அறையில் தனியாகப் பொங்கித் தின்பவள். மகன் கையை எதிர்பார்க்கக் கூடாது என்பது அவளுடைய வைராக்கியம்.

நியாயவிலைக் கடையில் கைரேகைக் கருவி வந்தது அனைவரும் அறிந்ததே. முதலில் ஆயாவின் விரல் ஏதோ ஒருவாறு விழுந்துகொண்டிருந்தது. சென்ற ஆண்டு ஆடி மாதத்தில் ஒருநாள் விழவில்லை. கடைக்காரர் நல்ல மனிதர். பத்து விரலையும் ஒவ்வொன்றாக வைக்கச் சொன்னார். துணியால் துடைத்து வைக்கச் சொன்னார். எண்ணெய் தொட்டு வைக்கச் சொன்னார். பின்னால் வரிசை முணுமுணுத்தது. "மெஷின் ஏத்துக்கல ஆயா. அடுத்த வாரம் வந்து பாரு" என்றார். அடுத்த வாரமும் அதுவே. அடுத்த மாதமும் அதுவே. காலிப் பையைச் சுருட்டி இடுப்பில் செருகிக்கொண்டு வீடு திரும்பிய ஆயா, எங்களிடம் ஒன்றும் சொல்லவில்லை. அக்கம்பக்கத்தார் சொல்லித்தான் எங்களுக்குத் தெரிந்தது. நான் போய்க் கேட்டபோது அவள் தன் இரு கைகளையும் விரித்துக் காட்டி, "எங் கையில ரேக இல்லன்னா நான் இல்லன்னு ஆயிடுமாடா?" என்றாள்.

மறுமுறை நானும் உடன் போனேன். "யாரைப் பார்க்க வேண்டும்?" என்று கேட்டேன். "எனக்கு ஒண்ணும் தெரியாது தம்பி, மேல கேளு" என்றார் கடைக்காரர். மேலே போனேன். "இது எங்கள் கையில் இல்லை, சிஸ்டம் அப்படி" என்றார்கள். சிஸ்டத்தை யார் கவனிக்கிறார்கள் என்றேன். வேறொரு மேசையைக் காட்டினார்கள். அங்கே, "கணினியில் மனுப் போடுங்கள்" என்றார்கள். போட்டேன். மனு பெறப்பட்டதாக ஓர் எண் வந்தது. அந்த எண்ணை எடுத்துக்கொண்டு யாரைப் பார்ப்பது என்றால், அதற்கும் பதில் இல்லை. யாரும் என்னிடம் கடிந்து பேசவில்லை. யாரும் லஞ்சம் கேட்கவில்லை. எல்லோரும் இரக்கத்தோடுதான் பேசினார்கள். ஆனால் எந்த நாற்காலியிலும் "நான்தான் பொறுப்பு" என்று சொல்ல ஓர் ஆள் இல்லை.

அந்த நாட்களில்தான், பூந்தமல்லிக்குப் போகும் பேருந்தில், நூலகத்திலிருந்து எடுத்த அந்த நாவலைப் படித்துக்கொண்டிருந்தேன். நிலா கணவனைத் தேடி அலையும் பக்கங்களில் எனக்குக் கண் கலங்கியது என்று சொன்னால் நண்பர்கள் சிரிக்கக்கூடும். ஜீவா வெறும் பிம்பம் என்ற இடத்திற்கு வந்ததும் புத்தகத்தை மூடிவிட்டேன். இறங்க வேண்டிய நிறுத்தம் கடந்துபோயிற்று. நடுவர் சொன்னதில் பாதி சரிதான், பேருந்தில்தான் படித்தேன்.

இயந்திரம் மறுத்ததா?

இயற்பியல் மாணவன் என்ற முறையில் ஒன்றைச் சொல்ல வேண்டும். அக்கருவிக்கு ஆயாவை ஏற்கவோ மறுக்கவோ தெரியாது. விரலின் கோடுகள் எங்கே முடிகின்றன, எங்கே கிளை பிரிகின்றன என்று அது குறித்துக்கொள்கிறது. முன்பு பதிந்து வைத்ததோடு ஒப்பிட்டு, இவ்வளவு பொருந்துகிறது என்று ஒரு மதிப்பெண் போடுகிறது. குறிப்பிட்ட எல்லைக்கு மேல் இருந்தால் ஆம். கீழே இருந்தால் இல்லை. எல்லையைத் தாழ்த்தினால் பிறர் ஏமாற்றிப் புகுந்துவிடலாம். உயர்த்தினால் உரியவரே வெளியே நிற்க நேரும். இரண்டு தவறுகளையும் ஒருங்கே ஒழிக்க முடியாது. ஒன்றைக் குறைத்தால் மற்றது ஏறும். எந்தத் தவறைப் பொறுத்துக்கொள்ளலாம் என்று தீர்மானித்தவர் ஒரு மனிதர். எங்கோ ஓர் அறையில், ஏதோ ஒரு நாளில், யாரோ ஒருவர் அந்த எல்லையைக் குறித்தார். "மெஷின் ஏத்துக்கல" என்று சொல்லும்போது அந்த மனிதர் மறைந்துபோகிறார். மிஞ்சுவது பிம்பம்.

கைரேகையின் வரலாறும் நம் நாட்டில்தான் தொடங்குகிறது. 1858-ல் வங்காளத்தில் வில்லியம் ஹெர்ஷல் என்ற ஆங்கில அதிகாரி, ஒப்பந்தக்காரர் ஒருவரின் உள்ளங்கையை மையில் தோய்த்துப் பத்திரத்தில் பதிய வைத்தார். 1877-ல் ஓய்வூதியம் வாங்குவோரிடமும் விரல் பதிவு கேட்கத் தொடங்கினார். 1897-ல் உலகிலேயே முதல் கைரேகைப் பிரிவு கல்கத்தாவில் அமைந்தது. ரேகைகளை வகைப்படுத்தும் முறையைக் கணக்கிட்டு உருவாக்க உழைத்த இருவர் அசீசுல் ஹக், ஹேமச்சந்திர போஸ் என்ற இந்தியக் காவல்துறையினர். அம்முறை உலகெங்கும் பரவியதோ அவர்களுடைய மேலதிகாரி ஹென்றியின் பெயரால்! இங்கேயும் "யார் செய்தது?" என்று கேட்டால்தான் உண்மை வெளிவருகிறது.

நாம் படித்த துப்பறியும் கதைகளில் கைரேகை விட்டவன் குற்றவாளி. சங்கர்லாலும் கணேஷும் வசந்தும் கற்றுத் தந்த பாடம் அது. என் ஆயா ரேகை இல்லாததால் குற்றவாளியானாள். பழைய கதை அடியோடு தலைகீழாகிவிட்டது. இதைத்தான் அந்த விஞ்ஞானத் துப்பறியும் நாவல் 1980-களிலேயே தொட்டது என்பேன். கொலையைச் செய்தவன் கத்தியோடு ஓடுவது ஒரு காலம். வருங்காலத்தில் தீங்கு நடக்கும். பாதிக்கப்பட்டவர் கண்முன் நிற்பார். செய்தவர் இருக்குமிடத்தில் ஒரு பிம்பம் மட்டும் நிற்கும். அதனால் "யார்?" என்று கேட்கும் பழக்கமே மக்களுக்கு விட்டுப்போகும். துப்பறியும் கதை அப்பழக்கத்தை விடாமல் காப்பாற்றுகிறது. அது நம்மிடம் திரும்பத் திரும்பக் கேட்பது அந்த ஒரே கேள்வியைத்தானே?

எங்கள் ஏரி கேட்ட கேள்வி

எங்கள் ஊரைச் சேர்ந்தவனுக்கு இக்கேள்வி புதிதன்று. செம்பரம்பாக்கம் ஏரியின் முழு உயரம் 24 அடி. கொள்ளளவு 3,645 மில்லியன் கன அடி. சென்னை குடிக்கும் தண்ணீரில் ஒரு பகுதி இங்கிருந்துதான் போகிறது. ஏரி நிரம்பினால் உபரி நீர் அடையாற்றில் விடப்படும். 2015 டிசம்பர் முதல் நாள் பேய்மழை. எனக்கு அப்போது பத்து வயது. கரைமேல் பெரியவர்கள் டார்ச் விளக்கோடு நின்றது நினைவிருக்கிறது. நொடிக்கு 29,000 கன அடி அளவுக்கு நீர் திறக்கப்பட்டது. எங்கள் வீட்டுக்கு ஒன்றும் ஆகவில்லை. கீழே மணப்பாக்கம், ஜாபர்கான்பேட்டை, சைதாப்பேட்டை, கோட்டூர்புரம் என்று ஆற்றங்கரை முழுதும் வீடுகள் முழுகின, உயிர்கள் போயின.

அதற்குப் பிறகு சென்னையில் யாரிடமேனும் என் ஊர்ப் பெயரைச் சொன்னால், "தண்ணி தொறந்துவிட்ட ஊரா?" என்று கேட்பார்கள். ஏதோ நானே போய் மதகைத் தூக்கியதுபோல் எனக்கு உடம்பு கூசும். யார் திறக்கச் சொன்னது? யார் உத்தரவுக்காகக் காத்திருந்தார்கள்? முன்கூட்டியே கொஞ்சங் கொஞ்சமாகத் திறந்திருக்க முடியாதா? மக்கள் கேட்டார்கள். வரலாறு காணாத மழையே காரணம் என்றது அரசுத் தரப்பு. பின்னர்ச் சட்டமன்றத்தில் வைக்கப்பட்ட மத்தியத் தணிக்கைத் துறையின் அறிக்கை, ஏரியின் நீரை நிர்வகித்த முறையில் தவறு இருந்தது என்றும், அது மனிதரால் விளைந்த பேரிடர் என்றும் கூறியது. மழையின் மீது வழக்குப் போட முடியாது. மதகுக்குத் தண்டனை கொடுக்க முடியாது. மனிதர் என்ற சொல் அந்த அறிக்கையில் வந்தபோதுதான், கேள்விக்கு ஒரு முகவரி கிடைத்தது. பதில் முழுதும் வந்ததா என்பது வேறு. கேள்வி சரியான இடத்தில் நின்றது.

இயந்திரத்துக்கும் சாட்சி வேண்டும்

இயந்திரங்களே வேண்டாம் என்று நான் சொல்வதாக யாரும் எண்ண வேண்டாம். ஆயாவின் அரிசியை வேறொருவர் வாங்கிச் செல்லாமல் காக்கவே அக்கருவி வந்தது. பழைய நாளில் அட்டைகளை அடகு வைத்துக்கொண்டவர்கள் கதை எங்கள் தெருவுக்குத் தெரியும். சுஜாதாவும் இயந்திரத்தின் பகைவர் அல்லர். திருச்சி புனித வளனார் கல்லூரியில் நம்மைப்போல் இயற்பியல் படித்தவர். பிறகு குரோம்பேட்டை எம்.ஐ.டி.யில் மின்னணுவியல் பயின்றார். பெங்களூர் பாரத் எலக்ட்ரானிக்ஸ் நிறுவனத்தில் மின்னணு வாக்குப்பதிவு எந்திரம் உருவான பணியில் முக்கியப் பங்கு வகித்த பொறியாளர் அவர்.

அந்த எந்திரத்தின் வரலாறே ஒரு பாடம். 1982-ல் கேரளத்தின் பரவூர்த் தொகுதியில் 50 வாக்குச் சாவடிகளில் முதன்முதலாக அதைப் பயன்படுத்தினார்கள். சட்டத்தில் இடமில்லை என்று 1984-ல் உச்ச நீதிமன்றம் அத்தேர்தலைச் செல்லாததாக்கியது. 1989-ல் சட்டம் திருத்தப்பட்டது. 2004 மக்களவைத் தேர்தலில் நாடு முழுவதும் எந்திரமே வந்தது. அப்போதும் கேள்வி ஓயவில்லை. என் வாக்கு விழுந்ததென்று எனக்கு யார் சாட்சி என்று கேட்டார்கள். 2013 முதல் தாள் சீட்டு வந்தது. இன்று வாக்காளர் பொத்தானை அழுத்தியதும் அச்சீட்டைக் கண்ணாடி வழியே ஏழு நொடி பார்க்கலாம். கேட்டதனால் எந்திரம் கெட்டுப்போகவில்லை, நம்பகம் கூடியது. ஒரு கையால் எந்திரத்தைச் செய்து, மறு கையால் எந்திரத்தின் பின்னே ஒளிந்துகொள்ளும் அதிகாரத்தைப் பற்றிக் கதை எழுதிய மனிதரைப் பொழுதுபோக்கு எழுத்தாளர் என்று தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை.

ஆயாவின் வழக்கும் ஒரு தாளில்தான் முடிந்தது. ஐந்தாவதோ ஆறாவதோ மேசையில், ஓய்வு பெறும் வயதிலிருந்த ஊழியர் ஒருவர் முழுக்கதையையும் கேட்டார். "ரேகை விழாத முதியவர்களுக்குப் பதிலாக வேறொருவர் வாங்கலாம். அதற்குப் படிவம் இருக்கிறதே, யாரும் சொல்லவில்லையா?" என்றார். இழுப்பறையிலிருந்து எடுத்துக் கொடுத்தார். தம் பெயரையும் சொன்னார். "வேலை முடியாவிட்டால் என்னிடமே வா" என்றார். அத்தனை நாள் அலைச்சலில் பெயரைச் சொன்ன ஒரே ஆள் அவர்தான். அடுத்த மாதம் முதல் என் விரலை வைத்து ஆயாவுக்கு அரிசி வாங்கி வருகிறேன். போன இரண்டு மாத அரிசி போனதுதான்.

நான் வெற்றியோடு பையைக் கொண்டுவந்து வைத்த அன்று ஆயாவின் முகம் மலரவில்லை. அரிசியை அள்ளிப் பார்த்துவிட்டு, "இனிமே உன் வெரலாலதான் எனக்குச் சோறா?" என்றாள். எனக்குச் சொல்ல ஒன்றும் இல்லை. வாழ்நாள் முழுதும் தன் கையால் சம்பாதித்துத் தின்றவள். அந்தக் கையை ஒரு கருவி இல்லையென்றதை எந்தப் படிவத்தால் சரிசெய்ய முடியும்?

முடிவாக

நண்பர்களே, நடுவர் அவர்களே! கதை அரிசி தராது என்பது எனக்குத் தெரியும். ஆயினும் ஐந்து மேசைக்குப் பின் சோர்ந்து திரும்ப இருந்தவனை ஆறாவது மேசைக்குப் போகச் செய்தது அந்தக் கதை. சிஸ்டம் என்று சொன்னதும் தலையாட்டிவிட்டு வரும் வழக்கம் எங்கள் வீட்டில் மூன்று தலைமுறையாக உண்டு. அதிகாரியிடம் எதிர்க்கேள்வி கேட்பது எங்களுக்குப் பழக்கமில்லை. "பிம்பத்துக்குப் பின்னால் யாரேனும் இருந்தே தீர வேண்டும், போய்ப் பார்" என்று எனக்குச் சொல்லித் தந்தது பாடப்புத்தகம் அன்று. பட்டிமன்றத்தில் சிரிக்கப்பட்ட ஒரு நாவல். இலக்கியம் செய்ய வேண்டிய வேலை இதைவிட வேறென்ன?

இதற்கு விருது கொடுங்கள் என்று நான் கேட்கவில்லை. ஆசிரியர் மறைந்துவிட்டார், விருது அவருக்கு இனித் தேவையில்லை. நான் கேட்பவை இரண்டு. நம் தமிழ் மன்றம் அடுத்த ஆண்டு ஒரு கூட்டத்தையேனும் தமிழ் அறிவியல் நாவல்களுக்கு ஒதுக்க வேண்டும். அதற்கு இயற்பியல், கணிதத் துறை மாணவர்களையும் அழைக்க வேண்டும். கருவிகளைச் செய்யப்போகிறவர்களும் அவற்றில் எல்லைகளைக் குறிக்கப்போகிறவர்களும் நம்மில் சிலர்தாம். நாளை நாம் அப்படி ஒரு நாற்காலியில் அமரும்போது, எதிரே நிற்பவரிடம் நம் பெயரைச் சொல்லும் துணிவு நமக்கு இருக்க வேண்டும்.

ஆயாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. பட்டிமன்றத்தில் தோற்ற இரவு அவளுக்கு இந்தக் கதையின் தொடக்கத்தைச் சொன்னேன். இயந்திர நாயைப் பற்றி அவள் வியக்கவில்லை. ஜீவாவைப் பற்றிப் பயப்படவில்லை. "அந்தப் பொண்ணு புருசன் கெடச்சானா?" என்று மட்டும் கேட்டாள். நான் பதில் சொல்லவில்லை. தினம் இரவு சாப்பாட்டுக்குப் பின் ஓர் அத்தியாயம் படித்துக் காட்டி வருகிறேன். பாதிதான் ஆகியிருக்கிறது. மறுநாள் காலை நான் பேருந்துக்குக் கிளம்பும்போது, நேற்று எங்கே விட்டோம் என்று அவளே நினைவாகச் சொல்கிறாள்.